நான்காவது தோணி

மேர்லினிடம் இருந்தது ஒரேயொரு தோணி. அது மூன்றானது செப்டம்பர் மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பத்தேகாலுக்கும் பத்தரைக்கும் இடையில். அந்த நேரத்தில் அவள் கடையில் சீனி நிறுத்துக்கொண்டிருந்தாள். தோணி கரையில் கட்டினபடியே கிடந்தது. அதற்குக்கூட இந்த விசயம் தெரியாது.

இதைச் செய்தவர்கள் மந்திரவாதிகள் அல்ல, மாதச் சம்பளக்காரர்கள். நகரத்தில் ஒரு மாடிக் கட்டடத்தில் இருந்த அவர்களின் கந்தோருக்கு 'மீண்டெழும் விநியோக வலைப்பின்னல் வடிவமைப்பு மற்றும் மாதிரியாக்கல் அலகு' என்று பெயர். வெள்ளமோ புயலோ வந்தால் வாவியைச் சுற்றியுள்ள ஊர்களுக்குச் சாமான் போவது நின்றுவிடாமல், ஒரு வழி அடைபட்டால் மறு வழி திறக்கும்படி முன்கூட்டியே கணினியில் வரைந்து வைப்பது அவர்களின் வேலை. அந்தக் கந்தோரின் பெயர்ப்பலகை எட்டு மாதம் பிந்தித்தான் வந்தது. பலகை அடிக்கிற ஆள் ஒரேயொருவர், அவரும் சிக்குன்குனியாவில் படுத்துவிட்டார். கடைசியில் வந்த பலகையில் 'மீண்டெழும் விநியோக வலைப்பின்னல் வடி' என்பதோடு இடம் முடிந்துபோயிருந்தது. மிச்சத்துக்கு இன்னொரு பலகை கேட்டு எழுதினார்கள். அது இன்னும் வந்துகொண்டிருக்கிறது. சனம் அதை 'வடிக்கந்தோர்' என்றே சொல்லிப் பழகிவிட்டது.

மேர்லினின் ஊர் நாணல்துறை. வாவியின் மேற்குப் பக்கம், வவுணதீவுக்கும் அங்கால், எழுபத்துமூன்று குடும்பம். உள்ளே வர ஒரே தெரு. மாரி பிறந்தால் அந்தத் தெரு தண்ணீருக்குள் போய்விடும். அப்போதெல்லாம் மேர்லினின் புருசன் ஜெயராஜா தோணியை எடுத்துக்கொண்டு வாவியைக் கடந்து நகரத்துக்குப் போவான். மொத்தக்கடை பாஹிம் நானா கட்டி வைத்திருக்கும் மூட்டைகளை ஏற்றிக்கொண்டு வருவான். அவை மேர்லினின் கடைக்குள் இறங்கும். இருபது வருசமாக நாணல்துறை மாரியில் சோறு தின்றது இப்படித்தான். இதற்கு மாதிரி என்று பெயரில்லை, ஜெயராஜா என்று பெயர்.

அந்தச் செவ்வாய்க்கிழமை கணக்கெடுக்க வந்தவள் கம்சாயினி. மாதிரியாக்கல் அலுவலர். கையில் டெப் கணினி, காலில் வெள்ளைச் சப்பாத்து, கழுத்தில் அடையாள அட்டை.

"அக்கா, தோணி ஆர்ர பேர்ல?"

"என்ர பேர்ல, மிஸ். சீதனம்."

அதில் பொய்யில்லை. இந்தப் பக்கத்தில் வீடும் வளவும் பெண்பிள்ளைக்குத்தான். மேர்லினின் அப்பாவிடம் கொடுக்க வளவு இருக்கவில்லை, தோணியைக் கொடுத்தார்.

"மிசின்?"

"அது தம்பிர பேர்ல."

அதுவும் உண்மை. மானிய விலையில் இயந்திரம் கொடுத்தபோது கலியாணம் கட்டாத இளைஞர்களுக்கு மட்டும் என்றார்கள். தம்பி அன்ரோவுக்கு அந்தத் தகுதி அன்றும் இருந்தது, இன்றும் இருக்கிறது.

"வாவியில ஓடுற பெர்மிட்?"

"இவர்ர பேர்ல. குடும்பத் தலைவர்ர பேர்லதான் தருவம் எண்டாங்க."

கம்சாயினி டெப்பில் மூன்று தரம் தட்டினாள்.

"மூண்டு தோணி."

"ஒண்டு, மிஸ்."

"உரிமையாளர் மூண்டு பேர் அக்கா. சிஸ்டம் ஒரு ஆளுக்கு ஒரு தோணி எண்டுதான் எடுக்கும்."

"அப்ப தோணி இல்லாத ரெண்டு பேரையும் என்ன செய்யும்?"

"அவங்களுக்கும் ஒவ்வொண்டு குடுக்கும்."

வாசலில் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த அன்ரோ தலையைத் தூக்கினான். "நல்ல சிஸ்டம் மிஸ். பொஞ்சாதி இல்லாத ஆளுக்கும் ஒண்டு குடுக்குமா எண்டு ஒருக்காத் தட்டிப் பாருங்க."

"சும்மா கிடடா," என்றாள் மேர்லின். பிறகு கம்சாயினியின் பக்கம் திரும்பி, "அந்தா கிடக்கு பாருங்க மிஸ், கண்ணாலயே பாக்கலாம், ஒண்டுதான்," என்று கரையைக் காட்டினாள்.

கம்சாயினி கரையைப் பார்த்தாள். பார்க்காமல் இருந்திருக்கலாம் என்பதுபோல முகத்தை வைத்துக்கொண்டாள். "எனக்குத் தெரியுது அக்கா. போன கிழமை ஒண்டு எண்டுதான் போட்டனான். ஒண்டு போட்டா புள்ளி முப்பத்தொண்டு, ஊர் சிவப்பாப் போகும். எங்கட பணிப்பாளர் சேருக்குச் சிவப்பு ஒத்துவராது. 'உம்மட டெப்ப முதல்ல சார்ஜ் பண்ணும்' எண்டு திருப்பி அனுப்பிட்டார். மூண்டு போட்டா இஞ்ச பாருங்க..."

திரையில் நாணல்துறை பச்சையாயிற்று. பக்கத்தில் 94 என்று விழுந்தது. மழைத்துளி ஒன்றும் விழாத அந்த நல்ல காலையில் ஊர் ஏற்கெனவே மீண்டெழுந்துவிட்டது.

அக்டோபரில் வலைப்பின்னல் தொடக்க விழா. நகரத்து விடுதியொன்றின் குளிர்மண்டபத்துக்கு மேர்லினுக்கும் ஜெயராஜாவுக்கும் அன்ரோவுக்கும் தனித்தனி அழைப்பு வந்தது. மூவரும் போனது ஒரே தோணியில். போக்குவரத்துப் படிவத்தில் 'வந்த படகு' என்ற இடத்தில் மூவரும் தத்தம் இலக்கத்தை எழுதினார்கள்.

பணிப்பாளர் அருமைநாயகம் மேடையேறினார். அவர் வெளிநாடு நான்குக்குப் போய் வலைப்பின்னல் படித்தவர். வாவியை ஒருதரமும் கடந்ததில்லை. கரையிலிருந்து பார்த்தாலே அதன் அமைப்பு தனக்குப் புரிகிறது என்று சொல்வார்.

"இந்தப் பிரதேசத்தின் பெருங்குறை என்ன? ஒற்றை மனிதனை, ஒற்றைப் படகை நம்பியிருப்பது," என்று தொடங்கினார். "அந்தக் குறையை நாங்கள் ஒன்பதே மாதத்தில் நீக்கியிருக்கிறோம். அதுவும் ஒரு புதிய படகுகூட வாங்காமல்! இதுவே எமது அணுகுமுறையின் சிறப்பு. மற்றவர்கள் பொருள் கொடுப்பார்கள். பொருள் பழுதாகும், துருப்பிடிக்கும், களவுபோகும். நாங்கள் கொடுப்பது மாதிரி. மாதிரி துருப்பிடிக்காது."

கைதட்டல். மேர்லினும் தட்டினாள். சபையில் தட்டாமல் இருந்தால் பக்கத்திலிருப்பவர் பார்ப்பார்.

அடுத்து செயன்முறைப் பயிற்சி. நாற்பது பேரை வட்டமாக நிறுத்தி, ஒரு கம்பளி நூலுருண்டையைக் கொடுத்தார்கள். ஒருவர் நூலைப் பிடித்துக்கொண்டு உருண்டையை எதிரிலிருப்பவருக்கு எறிய வேண்டும், அவர் பிடித்துக்கொண்டு இன்னொருவருக்கு. கால்மணி நேரத்தில் மண்டபம் முழுக்க நூல் பின்னிவிட்டது. "இதுதான் வலைப்பின்னல்! யாரும் விடக்கூடாது! ஒருவர் விட்டால் ஊரே விழும்!" என்று அருமைநாயகம் கைகளை விரித்தார். அந்த நேரம் பார்த்துத் தேநீர் வண்டி வாசலுக்கு வந்தது. உள்ளே வர வழியில்லை. நூலை விட ஆளில்லை. றோல்ஸும் பட்டீஸும் வாசலில் ஆறிக்கொண்டிருக்க, நாற்பது பேரும் நூலைப் பிடித்துக்கொண்டு அதைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

"அக்கா," என்றான் அன்ரோ மெதுவாக, "நம்மட வலையெண்டா மீனாவது படும்."

கேள்வி நேரத்தில் மேர்லின் கையை உயர்த்தினாள். "சேர், வெள்ளம் வந்தா நாங்க என்ன செய்யிற?"

அருமைநாயகம் புன்னகைத்தார். "அருமையான கேள்வி. வெள்ளம் வந்தால் என்ன செய்வது என்பது பழைய சிந்தனை. வெள்ளம் வந்தால் என்ன நடக்கும் என்று வெள்ளத்துக்கு முன்பே தெரிந்திருப்பது புதிய சிந்தனை. எங்களுக்குத் தெரியும். ஆகவே நீங்கள் நிம்மதியாக இருக்கலாம்."

மேர்லின் இருந்தாள். நிம்மதி எந்தப் பக்கத்தால் வரும் என்றுதான் விளங்கவில்லை.

அதன் பிறகு மூன்று தோணிகளையும் படம்பிடிக்க வந்தார்கள். நீலத் தறப்பாளால் மூடி ஒரு படம், தறப்பாள் இல்லாமல் ஒரு படம், மூன்றாவதுக்குத் தோணியை மறுபக்கம் திருப்பிக் கட்டச் சொன்னார்கள். முதல் படத்தில் ஜெயராஜா சேட்டுப் போட்டிருந்தான், இரண்டாவதில் தொப்பி. மூன்றாவதற்கு அன்ரோவை நிற்கச் சொன்னபோது ஜெயராஜா அன்று பேசிய ஒரே வசனத்தைப் பேசினான்: "தோணிக்கும் மீச வெச்சு விடட்டா?" போகும்போது கரையில் ஒரு கம்பம் நட்டு, உச்சியில் ஒரு கமெராவைப் பூட்டினார்கள். துறைக்கு வருகிற, போகிற படகுகளை அது தானே எண்ணிக் கந்தோருக்கு அனுப்புமாம்.

நவம்பர் கடைசியில் மழை பிடித்தது. மூன்றாம் நாள் காலை தெரு தண்ணீருக்குள் போயிற்று. வழக்கமான நாள், வழக்கமான நேரம். ஜெயராஜா மிசினைத் தூக்கித் தோணியில் பூட்டிக்கொண்டிருந்தபோது மூன்று பேரின் போனும் ஒரேயடியாகக் கத்தின.

'படகு இல. 1: நாணல்துறையில் தயார்நிலை. படகு இல. 2: வவுணதீவில் தயார்நிலை. படகு இல. 3: நகர இறங்குதுறையில் தயார்நிலை. அனுமதியின்றி அசைத்தால் வாவி அனுமதிப்பத்திரம் இரத்தாகும்.'

ஜெயராஜா அதை இரண்டு தரம் வாசித்தான். பிறகு தோணியைப் பார்த்தான். அதை எங்கே வைத்து வெட்டுவது என்று யோசிப்பதுபோல இருந்தது பார்வை.

அனுமதிப்பத்திரம் போனால் மாரிக்குச் சாமான் ஏற்றுவது மட்டுமல்ல, வருசம் முழுக்க வாவியில் வலை போடுவதும் போயிற்று. அதனால் ஒரு நாள் பொறுத்தார்கள். மறுநாளும் பொறுத்தார்கள். அதற்குள் கடையில் கோதுமை மா முடிந்தது. பருப்பு முடிந்தது. ஊர்ப் பெண் அஜந்தா முழங்காலளவு தண்ணீருக்குள்ளால் இரண்டு வயதுப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்து நின்றாள்.

"அக்கா, பால்மா ஒரு பைக்கட் எங்கயாவது கிடக்கும், தேடிப் பாருங்க கா. கஞ்சியக் குடுத்தா துப்புறான்."

மேர்லின் இறாக்கை முழுக்கக் கையை விட்டுத் துழாவினாள். கையில் பட்டது ஒரு நெருப்புப்பெட்டி. போனை எடுத்தாள்.

"சேர், நான் நாணல்துறை மேர்லின்."

"எத்தினையாம் படகு அம்மா?" என்றது அருமைநாயகத்தின் குரல்.

"முதலாவது சேர். இஞ்ச கடையில ஒண்டுமில்ல. மா இல்ல, பால்மா இல்ல. அரிசி நாளைக்கு மட்டும்."

"பயப்படாதீங்க. எங்கட மாதிரிப்படி உங்கட ஊரில பதினொரு நாளுக்குச் சாமான் இருக்கு."

"எங்க சேர் இருக்கு?"

"மாதிரியில."

மேர்லின் போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்துவிட்டுத் திரும்ப வைத்தாள். "பாஹிம் நானா மூட்டையெல்லாம் கட்டி வெச்சிருக்கார் சேர். ஒருக்கா தோணிய விட்டா மூண்டு மணித்தியாலத்தில கொண்டந்திருவம்."

"அதைத்தான் செய்யக்கூடாது! அந்தப் படகு கையிருப்புத் திறன். கையிருப்பைப் பாவிச்சா கையிருப்புக் குறையும். இப்ப நீங்க தொண்ணூத்திநாலில நிக்கிறீங்க. ஒரு படகு அசைஞ்சா எழுபதுக்கு வந்திரும். வெள்ள நேரத்திலயா அம்மா புள்ளியக் குறைக்கிற?"

"புள்ளிய அவிச்சுத் திங்க ஏலுமா சேர்?"

"உங்கட உணர்வு எனக்கு விளங்குது. ஆனா நாளைக்கு இதைவிடப் பெரிய வெள்ளம் வந்தா? அப்ப படகு தேவைப்படாதா?"

"அப்ப விடலாமா சேர்?"

"அப்பவும் அதைவிடப் பெரிசு ஒண்டு வரலாந்தானே," என்றார் அருமைநாயகம், தொலைநோக்கோடு.

மேர்லின் போனை வைத்தாள். அஜந்தாவின் பிள்ளை நெருப்புப்பெட்டியை வாங்கி வாயில் வைத்தது. அவள் அதைப் பிடுங்கிக்கொண்டு வெளியே வந்தாள்.

"இஞ்சேருங்க. தோணிய எடுங்க."

"பெர்மிட்ட எடுத்திருவாங்கள்," என்றான் ஜெயராஜா.

"முதல் வந்து பாக்கட்டும், மறுகா எடுக்கட்டும். புள்ளைக்குப் பசிக்குது."

ஜெயராஜா இயந்திரத்தின் எண்ணெய்த் தாங்கியைக் குலுக்கிப் பார்த்தான். "எண்ணெய் இருக்கு," என்றான். அவனைப் பொறுத்தவரை விவாதம் அதோடு முடிந்தது.

மூவருமாகப் போனார்கள். நகரக் கரையில் பாஹிம் நானா குடைக்குக் கீழ் மூட்டைகளோடு நின்றார். "என்ன புள்ள, ரெண்டு நாளா ஆளக் காணல்ல? நான் நீங்க எல்லாம் வேற கட பாத்துட்டீங்க எண்டெல்லா நெனச்சன்!" என்று கத்தினார். பால்மா பெட்டியைத் தன் கையாலேயே தறப்பாளால் சுற்றி நடுவில் வைத்தார்.

திரும்பி வந்து துறையில் தோணி முட்டியபோது கம்பத்து உச்சியில் சிவப்பு விளக்கு மின்னியது. கமெரா எண்ணியது. நகரத்துக் கந்தோரின் கணினி யோசித்தது. முதலாம் படகு நாணல்துறையில் நிற்கிறது, இரண்டாவது வவுணதீவில் நிற்கிறது, மூன்றாவது நகரத்தில் நிற்கிறது. அசைக்கச் சொல்லி யாரும் அனுமதி கொடுக்கவில்லை, ஆகவே ஒன்றும் அசையவில்லை. அப்படியானால் அசைகிற இது?

மூட்டை இறக்கிக்கொண்டிருக்கையில் மூன்று போனும் மறுபடி கத்தின. அன்ரோ தன்னுடையதைத் துடைத்து வாசித்தான்.

"அத்தான், 'எச்சரிக்கை. வலைப்பின்னலுக்குள் நான்காவது படகு ஒன்று ஊடுருவியுள்ளது. கண்டவர்கள் உடன் அறிவிக்கவும்' எண்டு கிடக்கு. நீங்க ஏதும் கண்டயளா?"

ஜெயராஜா தோளில் மா மூட்டையோடு வாவியை இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்குமாகக் கவனமாகப் பார்த்தான். "இல்ல," என்றான்.

நான்காவது படகு நாளுக்கு இரண்டு தரம் ஓடியது. அரிசி வந்தது, மா வந்தது, முதியவர் அழகரத்தினத்தாரின் பிரசர் குளிசை வந்தது, அஜந்தாவின் பிள்ளை பால்மா குடித்துவிட்டுத் தன் வழமைப்படி ஊரைக் கூட்டி அழத் தொடங்கியது. நான்காம் நாள், உயரமான உழவு இயந்திரமொன்றின் பெட்டியில் ஏறி, தண்ணீரைக் கிழித்துக்கொண்டு அருமைநாயகமும் கம்சாயினியும் விசாரணைக்கு வந்து சேர்ந்தார்கள். அவர்களை இறக்கிவிட்டு, அடுத்த ஊரில் ஒரு பிள்ளைத்தாச்சியை ஏற்றப் போகிறேன் என்று உழவு இயந்திரக்காரர் போய்விட்டார்.

கடைக்கு முன்னால் ஊர் கூடியது. அருமைநாயகம் அரிசி மூட்டையொன்றின் மேல் ஏறி நின்றார். வேறு உயரமான இடம் இல்லை.

"நான்கு நாளாக இங்கே வலைப்பின்னலினூடாக ஒரு பிடி அரிசிகூட வரவில்லை," என்றார். "இருந்தும் ஒரு குடும்பம்கூடப் பட்டினி கிடக்கவில்லை. எமது வலைப்பின்னலின் மீண்டெழும் தன்மைக்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? ஆனால் இந்த வெற்றியைக் குலைக்க ஒரு நான்காவது படகு முயன்றுகொண்டிருக்கிறது. திட்டமில்லாமல், அனுமதியில்லாமல், கேட்ட சாமானைக் கேட்ட நேரத்தில் கொண்டுவந்து இறக்குகிறது. இப்படி ஒரு படகு ஓடத் தொடங்கினால் சனம் அதை நம்பத் தொடங்கிவிடும். பிறகு நாங்கள் எதற்கு?"

ஊர் முழுக்கத் தலையை ஆட்டியது. மரியாதை தெரிந்த ஊர்.

கம்சாயினி மூன்று படிவங்களை நீட்டினாள். 'அடையாளம் தெரியாத நான்காவது படகு எனக்குச் சொந்தமானதல்ல என உறுதிப்படுத்துகிறேன்.' மூன்று உரிமையாளரும் ஒப்பமிட வேண்டும். யாராவது ஒருவர் மறுத்தால், அவருடையது என்று வைத்து அனுமதிப்பத்திரம் இரத்தாகும், தோணி பறிமுதலாகும்.

மேர்லின் பேனையை வாங்கினாள். ஒரு கணம் கரையைப் பார்த்தாள். தோணி அங்கேதான் கட்டிக் கிடந்தது, மழைத்தண்ணீர் நிரம்பி, உள்ளே இரண்டு மா மூட்டை இன்னும் இறக்காமல். கம்சாயினியும் பார்த்தாள். இருவரின் கண்ணும் சந்தித்தன. கம்சாயினி டெப்பை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வானத்தைப் பார்க்கத் தொடங்கினாள்.

"எங்களுக்கு நாலாவது தோணி ஒண்டும் இல்ல சேர்," என்றாள் மேர்லின், ஒப்பமிட்டபடி.

"சத்தியமா இல்ல சேர்," என்றான் அன்ரோ. "ரெண்டாவதுக்கே வழியில்லாத ஆக்கள் நாங்க."

ஜெயராஜாவும் ஒப்பமிட்டான்.

பிற்பகலில் தண்ணீர் இன்னொரு அடி உயர்ந்தது. உழவு இயந்திரக்காரர் போனெடுத்து, இனி அந்தத் தெருவால் வர ஏலாது, பெட்டி இழுபடுகிறது என்றார். அருமைநாயகம் மணிக்கூட்டைப் பார்த்தார். ஆறு மணிக்கு வெளிநாட்டு நிபுணர்களோடு காணொளிக் கூட்டம். நாணல்துறையின் வெற்றியை அவர் விளக்க வேண்டும்.

"அம்மா, என்னை அந்தக் கரையில விட ஒரு படகு வேணும்."

"படகு தாராளமா இருக்கு சேர், மூண்டு கிடக்கு," என்றாள் மேர்லின். "ஆனா முதலாவது தயார்நிலையில நிக்குது. அசைக்க ஏலாது."

"இரண்டாவது?"

"அது வவுணதீவில தயாரா நிக்குது."

"மூன்றாவது..."

"அது நகரத்தில, சேர். நீங்க அங்க போய்ச் சேந்தாப் பாக்கலாம்."

அருமைநாயகம் முதலாம் படகுக்கு விசேட அனுமதி கொடுக்கலாமா என்று யோசித்தார். கம்சாயினி டெப்பைத் தட்டி, "எழுபதுக்கு வந்திரும் சேர்," என்றாள். குரலில் எதுவுமில்லை. "கூட்டத்தில முதல் காட்டுறதே தொண்ணூத்திநாலைத்தான்."

அவர் வாவியைப் பார்த்தார். பிறகு, கரையில் கட்டிக் கிடந்ததைப் பார்த்தார். பிறகு யாரையும் பார்க்காமல் கேட்டார்:

"அப்ப... அது?"

"எது சேர்?"

"அந்தா. அந்த... கட்டிக் கிடக்கிறது."

"அதுவா?" மேர்லின் கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "அது ஆர்ரயோ தெரியா சேர். நாங்க மூண்டு பேரும் இப்பதானே எழுதிக் குடுத்தம், எங்கட இல்ல எண்டு. நீங்க ஏறினா நாங்க வேணாம் எண்டு சொல்ல ஏலுமா?"

ஜெயராஜா மா மூட்டை இரண்டையும் இறக்கி வைத்துவிட்டு, உள்ளே இருந்த தண்ணீரை அள்ளி ஊற்றினான். அருமைநாயகம் சப்பாத்தைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு ஏறினார், கம்சாயினி கடையிலேயே நின்றுகொண்டாள். வாவியின் நடுவே மழை கனத்தபோது அவர் இரண்டு பக்கமும் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். அது அவர் வாவியைக் கடந்த முதல் தரம். முன்னால் உட்கார்ந்து அவருக்குக் குடை பிடித்தவன் அன்ரோ. சரியான நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தார்.

வெள்ள அறிக்கை மறுநாளே எல்லா உரிமையாளர்களுக்கும் வந்தது. மேர்லின் கடையில் பால்மா பெட்டியைப் பிரித்தபடி அதை அஜந்தாவுக்கு உரத்து வாசித்துக் காட்டினாள்:

'நான்காவது படகு நேற்றுப் பிற்பகல் 4.20க்கும் நாணல்துறைக் கமெராவில் பதிவாகியுள்ளது. அதில் சப்பாத்தைக் கையில் வைத்திருந்த, சற்றுத் தடித்த, அடையாளம் காண முடியாத நபர் ஒருவர் சந்தேகத்துக்கிடமான முறையில் குனிந்து உட்கார்ந்திருந்தார். இவரே இப்படகின் சூத்திரதாரி எனக் கருதப்படுகிறது. உரிமையாளர் எவரும் இல்லையென விசாரணையில் உறுதியாகியுள்ளதால், இப்படகின் அனுமதியை இரத்துச்செய்யவோ இதைப் பறிமுதல் செய்யவோ சட்டத்தில் இடமில்லை. அந்நபர் அகப்படும்வரை இப்படகு தொடர்ந்து ஓடும் என எதிர்பார்க்கப்படுகிறது.'

கீழே ஒப்பம்: அருமைநாயகம், பணிப்பாளர்.